கயாவில் விட்ட பழம்

என் அம்மா வசந்தா ருசி பார்க்காமல் செய்துவந்த பண்டம் ஒன்றே ஒன்றுதான், பலாப்பழப் பாயசம். மற்றதெல்லாம், ரசமோ குழம்போ ஊறுகாயோ, உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டு நக்கிப் பார்த்து, கண்ணை மூடி, "ஒரு கல்லு உப்பு பத்தல" என்று தனக்குத்தானே சொல்லிக்கொள்வாள். இதை மட்டும் மூக்காலும் காதாலும் செய்வாள். சுளை நெய்யில் வதங்கும் வாசனை, வெல்லம் கொதித்துக் குமிழ் உடையும் சத்தம், கரண்டியைத் தூக்கினால் அது விழுகிற வேகம். வாயில் வைக்க மாட்டாள். அந்தப் பழத்தை அவள் கயாவில் விட்டுவிட்டாள்.

காசி, கயா போகிறவர்கள் பழத்தில் ஒன்று, காயில் ஒன்று அங்கேயே விட்டுவிட்டு வர வேண்டும். அப்புறம் ஆயுசுக்கும் அதைத் தொடக் கூடாது. எங்கள் பக்கத்தில் இது எல்லோருக்கும் தெரியும். இதிலிருந்து தப்பிக்கிற வழியும் தெரியும். செங்கல்பட்டிலிருந்து அந்த யாத்திரையை நடத்திய லக்ஷ்மிநாராயணன் ரயிலிலேயே எல்லோருக்கும் பாடம் எடுத்தாராம். "வாழப்பழம், மாம்பழம்னு வாய் தவறி சொல்லிடாதீங்க, ஊருக்குப் போய் கஷ்டப்படுவீங்க. நீங்க துன்னாத பழமா பார்த்து சொல்லுங்க." என் அப்பா தர்மராஜ் கிவி பழத்தை விட்டார். அதை அவர் அதுவரை கையால் தொட்டதுகூட இல்லை. அம்மாவின் முறை வந்தபோது அவள் தண்ணீரைக் கையில் ஏந்திக்கொண்டு, பலாப்பழம் என்றாள். அப்பா முழங்கையால் இடித்துப் பார்த்தாராம். அதற்குள் தண்ணீர் கீழே விழுந்துவிட்டது.

அவர்கள் போனது என் தம்பி மோகனுக்காக. மறைமலை நகரில் ஒரு கார் உதிரிபாகத் தொழிற்சாலையில் வேலை பார்த்தான். ஓர் ஆனி மாத ஞாயிற்றுக்கிழமை, மாமல்லபுரத்துக்குத் தெற்கே கடலில் நண்பர்களோடு இறங்கினான். மற்ற மூன்று பேர் கரை ஏறினார்கள். அவனை மறுநாள் காலைதான் கடல் கொடுத்தது. பெற்றவனுக்குப் பிள்ளை வைக்க வேண்டிய பிண்டத்தை, பிள்ளைக்குப் பெற்றவர் கயாவில் வைத்தார்.

விடுவது என்றால் ஆசையை விடுவது என்று விவரம் தெரிந்தவர்கள் சொல்வார்கள். அம்மா அதைத் தன் போக்கில் புரிந்துகொண்டாள். "நா துன்னாம உட்டா என் பங்கு அவனுக்குப் போவும். அவனுக்குப் புடிச்சத உடாம, இந்த மனுசன் மாதிரி கிவியா உடுவாங்க? அத எவன் துன்னுவான் அங்க?" இதுதான் அவள் சொன்ன விளக்கம். நான் திருத்தப் பார்த்ததில்லை. எட்டாவது வரை தமிழிலும் அப்புறம் ஆங்கிலத்திலும் படித்தவள் நான். இரண்டிலும் அதற்குப் பதில் எனக்குத் தெரியாது.

அன்றிலிருந்து ஒவ்வொரு ஆனியிலும் மோகனின் திதிக்குப் பலாப்பழப் பாயசம் படைத்தாள். காக்கைக்கு வைத்த பிறகு மற்றவர்களுக்கு ஆளுக்கு ஒரு டம்ளர். தனக்கு இல்லை.

மோகனின் மனைவி பிரதீபா அவன் போன பிறகும் நான்கு வருடம் அம்மாவோடுதான் இருந்தாள். அவளை இந்த வீட்டுக்குக் கொண்டுவந்தவர் அப்பா. அச்சரப்பாக்கத்தில் நிலத்தைப் பார்க்க அண்ணனை விட்டுவிட்டு, செங்கல்பட்டு வந்து, சிறுசேரி கம்பெனிகளுக்கு ஆள் ஏற்றும் வண்டி ஓட்டியவர் அவர். பிரதீபா அந்த வண்டியில் மூன்று வருடம் வந்தாள். இறங்கும்போது தினமும் "வரேண்ணா" என்று சொல்லிவிட்டு இறங்கிய ஒரே ஆள் அவள்தானாம். "இருவது பேரு ஏர்றாங்க, பத்தொம்பது பேரு காதுல ஒயரு. இந்தப் பொண்ணு மட்டும் மனுசன மனுசனா பாக்குது," என்று வீட்டில் வந்து சொன்னார். பிரதீபாவின் அப்பா பார்த்தசாரதி கல்பாக்கத்தில் வேலை பார்த்தவர், சொந்த ஊர் திருநெல்வேலிப் பக்கம். டிரைவர் வந்து பெண் கேட்கிறாரே என்று முதலில் தயங்கினார். பிறகு மோகனைப் பார்த்தார், சரி என்றார். கடல் அவனை எடுத்தபோது கல்யாணமாகி இரண்டு வருடம்கூட ஆகவில்லை.

அவன் போன பிறகு பார்த்தசாரதி ஓய்வு பெற்று ஊருக்குப் போனார், மகளையும் கூப்பிட்டார். வேலை இங்கே இருக்கிறது என்று பிரதீபா போகவில்லை. அப்பா ஓட்டிய அதே தடத்தில் வேறு யாரோ ஓட்டும் வண்டியில் சிறுசேரிக்குப் போய் வந்தாள். சாயங்காலம் வந்ததும் அம்மாவும் அவளும் ஒரே தட்டில் காராபூந்தி தின்றுகொண்டு, எதிர் வீட்டுக்காரர்களைப் பற்றிப் புறம் பேசுவார்கள். நான் நெதர்லாந்தில், ஐன்ட்ஹோவனில் உட்கார்ந்து போனில் அதைக் கேட்டுக்கொண்டிருப்பேன். எனக்குப் பொறாமையாக இருக்கும், நிம்மதியாகவும் இருக்கும். நான் எதற்கும் பயப்படுகிறவள். ராத்திரி கேஸை மூடினார்களா, அப்பா மாத்திரை போட்டாரா என்று ஆயிரம் கவலை. பிரதீபா இருந்தவரை அதில் முக்கால்வாசியை அவள் சுமந்தாள்.

ஆனால் அம்மா இரண்டாம் வருடத்திலிருந்தே அவளை விரட்டத் தொடங்கிவிட்டாள்.

"உனக்கு முப்பது கூட ஆவல. என் மூஞ்சிய எத்தினி நாளைக்கிப் பாத்துகினு இருப்ப? எனக்கே என் மூஞ்சி போர் அடிக்குது."

பிரதீபா சிரித்து மழுப்புவாள். சீனு என்று அவள் அலுவலகத்திலேயே ஒருவர் தன் அம்மாவைக் கூட்டிக்கொண்டு நேராக எங்கள் வீட்டுக்கு வந்து கேட்டபோது, பிரதீபா உள் அறையில் போய் உட்கார்ந்துகொண்டாள். பேசி முடித்தது என் அம்மாதான். கல்யாணம் நல்லபடி நடக்கத் திருவிடந்தைப் பெருமாளுக்கு மாலை சாத்தி, அதைக் கழுத்தில் போட்டு அவளை ஒன்பது சுற்று சுற்ற வைத்ததும் அம்மாதான். "பொண்ணோட அம்மாவா?" என்று அர்ச்சகர் கேட்டாராம். அம்மா ஆமாம் என்றிருக்கிறாள்.

கல்யாணம் போன வருடம் ஆனிக் கடைசியில், அதே கோயிலில் என்று முடிவாயிற்று. முடிந்ததும் இருவரும் புனேவுக்கு மாறுகிறார்கள். நான் பத்து நாள் விடுப்பில் வந்தேன். வந்த அன்றே அம்மா என்னிடம் சொன்னாள்.

"நா கல்யாணத்துக்குப் போவலடி. பழைய மாமியாக்காரி அங்க வந்து நின்னா நல்லா இருக்காது. அது இங்கயிருந்து கெளம்பசொல்லவே எல்லாம் முடிஞ்சிடணும். போற பொண்ணு முழுசா போவணும். பாதிய இங்க உட்டுட்டு, பாதி அவன எடுத்துகினு போச்சுன்னா, அந்தப் புள்ள சீனு இன்னா பண்ணும் பாவம்?"

அவள் கேட்டது அது ஒன்றுதான். பிரதீபா மோகனை இங்கேயே விட்டுவிட்டுப் போக வேண்டும்.

கல்யாணத்துக்கு முந்தின நாள், சனிக்கிழமை. பிரதீபாவின் பெற்றோர் திருவிடந்தைக்குப் பக்கத்தில் ஒரு விடுதியில் வந்து இறங்கியிருந்தார்கள். நாலு மணிக்குக் கார் வரும். வெறும் வயிற்றோடு அனுப்பக் கூடாது என்று அம்மா காலையிலிருந்து அடுப்படியில் இருந்தாள். என்ன இனிப்பு என்று கேட்டபோது, இதிலே என்ன கேள்வி என்பது போல் பார்த்தாள். கல்யாணமான புதிதில் பிரதீபா உட்கார்ந்த இடத்திலேயே நான்கு டம்ளர் பலாப்பழப் பாயசம் குடித்தவள். அதைச் சொல்லி அம்மா அவளை வருடக்கணக்கில் கிண்டல் செய்திருக்கிறாள்.

ஜி.எஸ்.டி. ரோட்டில் பண்ருட்டிப் பழ வண்டி நிற்கும் இடத்திலிருந்து அப்பா ஒரு பழம் தூக்கி வந்தார். அம்மா கையில் நல்லெண்ணெய் தடவிக்கொண்டு பிளந்தாள். சுளை எடுத்து, கொட்டை நீக்கி, பொடியாக நறுக்கினாள். வாணலியில் நெய் விட்டு வதக்கினாள். கொஞ்சம் தண்ணீர் தெளித்து மூடி, வெந்ததும் மத்தால் மசித்தாள். வெல்லத்தைக் கரைத்து வடிகட்டி ஊற்றிக் கிளறத் தொடங்கியபோது வீடு முழுக்க வாசனை ஏறிவிட்டது. நான் தேங்காய் துருவினேன். பெரிய கண் வடிகட்டிதான் இருந்தது, பால் பிழிய மெல்லிய துணி வேண்டும் என்றாள். பக்கத்து வீட்டு ஷபானாவிடம் கேட்கப் போனேன்.

ஷபானா துணியை எடுத்துக்கொண்டே, "வாசம் இங்க வரைக்கும் வருது. இனிமே எனக்கு யாரு டம்ளர் எடுத்துகினு வரப் போறா?" என்றாள்.

"என்ன டம்ளர்?"

"உனக்குத் தெரியாதா? வருசா வருசம் உன் தம்பி படையல் முடிஞ்சதும், பிரதீபா அது டம்ளர எடுத்துகினு நேரா இங்க வந்துடும். நீங்க குடிங்கக்கான்னும். காலி டம்ளர எடுத்துகினு போயிடும். வவுத்துக்கு சேராது போலன்னு நெனச்சேன். ஒரு நாளு கேட்டதுக்கு, அத்தை உட்ட அன்னிக்கே நானும் உட்டுட்டேன், சொல்லிடாதீங்கன்னுச்சு. நானும் யாராண்டயும் சொல்லல. உன்னாண்டதான் இப்ப."

துணியைக் கையில் பிடித்துக்கொண்டு எங்கள் வாசலில் கொஞ்ச நேரம் நின்றேன். சொல்லாமல் இருந்திருக்கலாம். பிரதீபா ஏதோ ஒரு சாக்குச் சொல்லி, பாத்திரத்தில் ஊற்றி எடுத்துக்கொண்டு போயிருப்பாள். ஆனால் அவள் மோகனைக் கையோடு கொண்டுபோகிறாளே என்று பயம் வந்துவிட்டது, பயத்தை உள்ளே வைத்திருக்க எனக்குத் தெரியாது. அடுப்படிக்குப் போனதும் சொல்லிவிட்டேன்.

அம்மா கிளறுவதை நிறுத்தவில்லை. முகம்கூட மாறவில்லை. "பாலப் பிழி," என்றாள். இரண்டாம் பாலை ஊற்றிக் கொதிக்க விட்டாள். அடுப்பை அணைத்து முதல் பாலைச் சேர்த்தாள். சுக்கும் ஏலக்காயும் பொடித்துப் போட்டாள். நெய்யில் தேங்காய்ப் பல்லைச் சிவக்க வறுத்துக் கொட்டினாள். பிறகுதான் கேட்டாள்.

"நாலு வருசமாவா?"

"நாலு வருஷமா."

"என்னாண்ட சொல்லவே இல்ல பாரு, கள்ளி."

மூன்றரை மணிக்குப் பிரதீபா பெட்டிகளைக் கூடத்தில் வைத்துவிட்டு வந்தாள். ஒரு சாதாரணப் பருத்திப் புடவை. அம்மா அவளைச் சாப்பாட்டு மேசையில் உட்கார வைத்து, ஆவி பறக்கும் டம்ளரை முன்னால் வைத்தாள். அப்பா எதிரில் உட்கார்ந்திருந்தார். நான் பிரிட்ஜில் சாய்ந்து நின்றேன்.

"குடி."

"கார்ல போகணும்ல அத்தை. டப்பால போட்டுத் தாங்க, அங்க போய்ச் சாப்பிடுறேன்."

"அங்க போனா ஷபானா கீறாளா, ஊத்திக் குடுக்க?"

பிரதீபா என்னைப் பார்த்தாள். நான் தரையைப் பார்த்தேன்.

"நீ எங்க உட்ட?" என்றாள் அம்மா. குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. "நீ கயாவுக்கு வந்தியா? எந்த ஐயரு உன் கையில தண்ணி ஊத்துனாரு? அதெல்லாம் கணக்குல வராது. குடி."

"இங்கதான் விட்டேன். நீங்க அங்கேருந்து போன் பண்ணிச் சொன்னீங்கல்ல, உங்க பங்கு அவருக்குப் போகும்னு. அப்போ அடுப்புக்கு முன்னாடி நின்னுட்டிருந்தேன். அங்கயே சொல்லிக்கிட்டேன்."

"சொன்னா ஆயிடுமா?"

"எனக்கு ஆயிடுச்சு அத்தை." டம்ளரை ஒரு விரலால் கொஞ்சம் தள்ளி வைத்தாள். "எல்லாத்துக்கும் நீங்க சொன்னபடி சரின்னுட்டேன். கோயிலுக்கு வான்னீங்க, வந்தேன். போட்டோவ எடுத்து வைன்னீங்க, வச்சிட்டேன். இது ஒண்ணு மட்டும் இருக்கட்டுமே. புனேல பலாப்பழம் யார் கேக்கப் போறா? யாருக்கும் தெரியாது."

அப்பா தொண்டையைச் செருமினார். "இருக்கட்டும் உடேன். ஒரு பழம்தான. பொண்ணு போற நேரத்துல பேஜாரு பண்ணாத."

"நீ சும்மா இரு. நீ கிவிய உட்ட ஆளு."

அம்மா நாற்காலியை இழுத்துப் பிரதீபாவுக்குப் பக்கத்தில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள்.

"இதோ பாரு. இந்த வூட்லயிருந்து எத வேணா எடுத்துகினு போ. என் வளையல எடுத்துகினு போ. அவன எடுத்துகினு போவாதம்மா. அவன் என்னாண்ட இருக்கட்டும். நா பாத்துக்கறேன்."

பிரதீபா தலையை ஆட்டிக்கொண்டே இருந்தாள். சரி என்றா, இல்லை என்றா என்று தெரியவில்லை. கண்ணீர் டம்ளர் பக்கத்தில் மேசைமேல் விழுந்தது. அதைப் புடவைத் தலைப்பால் துடைத்தாள்.

"அவருக்குப் போகாம போயிடும் அத்தை," என்றாள்.

அது அம்மாவே கட்டிய கணக்கு. தின்றால் அவன் பங்கு நின்றுவிடும். என்னைப் போல எங்கேயோ போய்ப் படித்தவள் சொன்னால் அலட்சியமாகத் தள்ளிவிடலாம், தன் வார்த்தையையே எதிரில் இருப்பவள் திருப்பிச் சொன்னால் என்ன செய்வது? பாயசத்தின் மேல் ஏடு கட்டத் தொடங்கியிருந்தது.

அம்மா மேசையிலிருந்த கரண்டியை எடுத்து, அந்த டம்ளரில் விட்டு, ஒரு வாய் எடுத்துத் தின்றாள்.

அப்பா எழுந்துவிட்டார். "வசந்தா."

அவள் மென்று விழுங்கினாள். இன்னொரு கரண்டி எடுத்தாள். அதையும் விழுங்கினாள். "இனிப்பு கம்மியா கீது," என்றாள். "நாலு வருசமா இப்டியேதான் வச்சனா?"

"கொஞ்சம் கம்மிதான்," என்றார் அப்பா. "எப்டி சொல்றது உன்னாண்ட."

"அப்ப அவனுக்கும் இதான் போச்சு." அம்மா கரண்டியை டம்ளருக்குள் வைத்துப் பிரதீபா பக்கம் நகர்த்தினாள். "போதும் அவனுக்கு. ரெண்டு பேர் பங்கு துன்னுகினு கீறான் நாலு வருசமா, தொந்தி போட்டுக்கப் போறான். நா உட்டத நானே தொட்டுட்டேன், என்னுது போச்சு. உன்னுத மட்டும் வச்சிகினு நீ இன்னா பண்ணப் போற? துன்னும்மா. அத்தை கண்ணு முன்னாடி துன்னுட்டுப் போ."

பிரதீபா தின்றாள். முதல் வாயை விழுங்க முடியாமல் வாயைப் பொத்திக்கொண்டாள். அம்மா அவள் முதுகைத் தடவிக்கொடுத்தபடி, "வெல்லம் வோணுமா, கொஞ்சம் போடவா?" என்று கேட்டாள். வேண்டாம் என்று தலையாட்டினாள். டம்ளர் காலியாகும் வரை அம்மாவின் கை முதுகிலிருந்து எடுபடவில்லை. நான் பிரிட்ஜ் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

கார் வந்தது. அப்பா பெட்டிகளை ஏற்றினார். பிரதீபா இருவர் காலிலும் விழுந்தாள். கதவைச் சாத்தும்போது, "வரேன் அத்தை" என்றாள். "போயிட்டு வான்னு சொல்ல மாட்டேன், போ," என்றாள் அம்மா. கார் தெருமுனை திரும்பியதும் உள்ளே வந்து வாணலியில் மிச்சமிருந்ததை ஷபானாவுக்கும் எதிர் வீட்டுக்கும் அனுப்பினாள். பின்கட்டுக்குப் போய்க் குழாயைத் திறந்து வைத்துக்கொண்டு வாய் கொப்பளித்தாள். வெகு நேரம் கொப்பளித்தாள். குழாய்ச் சத்தத்துக்கு மேல் அவள் அழுகிற சத்தம் கேட்டது. அப்பா என்னைப் போக விடவில்லை.

நான் ஐன்ட்ஹோவன் திரும்பிய பிறகு பிரதீபா அம்மாவுக்குத் தினமும் போன் செய்தாள் என்று தெரியும். புனேயில் மழை, புது அலுவலகம், சீனுவுக்குப் புளிக்குழம்பு பிடிக்காது. பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும். தையில் அவள் உண்டாகியிருக்கிறாள் என்று செய்தி வந்தது. அம்மா அன்று எனக்கு மூன்று தடவை போன் செய்தாள், மூன்று தடவையும் அதையே சொன்னாள். அப்புறம் மாதத்துக்கு ஒன்று, இரண்டு.

இந்த ஆனியில் மோகனின் திதி. பலாப்பழம் வாங்கவில்லை. "இனிமே நா செஞ்சி வச்சாலும் அவனுக்குப் போவாது, தொட்டுட்டனே," என்று சேமியா காய்ச்சிப் படைத்தாள். அன்று சாயங்காலம் நான் கூப்பிட்டபோது அம்மா போனை முதல் மணியிலேயே எடுத்தாள்.

"நீயா?" என்றாள்.

யார் என்று நினைத்து எடுத்தாள் என்று எனக்குப் புரிந்தது. "பிரதீபா பேசினாளா?"

"இல்ல."

"காலையிலகூட இல்லையா?"

"இல்லடி. நாளு தெரியல போல."

என் பதற்றம் ஏறிவிட்டது. உடம்புக்கு ஏதாவதா, ஆஸ்பத்திரியிலா, நான் ஒரு மெசேஜ் போடட்டுமா என்று அடுக்கிக்கொண்டே போனேன்.

"ஒண்ணும் போடாத. நேத்து ராத்திரி ஸ்டேட்டஸ் வச்சிருந்தது, பாத்தேன். அந்தப் புள்ளையோட எங்கயோ மலைக்குப் போயிருக்குது. வவுறு நல்லா தெரியுது. சிரிச்சிகினு கீது. மறந்துட்டுதுடி. நல்லதுதான். நாந்தான கேட்டேன்."

அவள் போனை வைக்கவில்லை.

"நாந்தான கேட்டேன்," என்றாள் மறுபடியும்.